நீலக் கைகள் போட்ட சிலுவை

ஸ்டெல்லாக்கா, உன்னைப் பற்றித்தான் சொல்லப்போகிறேன், கோபித்துக்கொள்ளாதே.

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தாலே எழுந்து போய்விடுகிற ஆள் நான். இதையும் நீங்கள் நம்ப வேண்டாம், கேட்டால் போதும். வல்லம் வடகாலில் ஒரு கம்பெனி, அக்காவும் நானும் ஒரே வீடு, ஒரே லைன். வேலை சொல்லிக்கொடுக்க ஒரு கண்ணாடி வந்தது, மாட்டினால் நம் கைக்கு மேலேயே இரண்டு நீலக் கைகள் தெரியும், அது செய்கிற மாதிரியே நாமும் செய்ய வேண்டும். அந்தக் கைகள் அக்காவுடையவை. அவள் வேலை செய்வதைக் கேமராவில் பிடித்துத்தான் மெஷின் கற்றுக்கொண்டது. அக்கா வேலை தொடங்குமுன் சிலுவை போட்டுக்கொள்வாள், மெஷின் அதையும் வேலை என்று நினைத்துவிட்டது, சிலுவை போட்டால்தான் பச்சை டிக் வரும்! பீகார் பெண்கள்கூடப் போட்டார்கள்.

"இன்னா ஸ்டெல்லா, கம்பெனியையே சர்ச் ஆக்கிட்ட?" என்று சூப்பர்வைசர் பாஸ்கர் அண்ணன் கிண்டல் செய்வார்.

பிறகு ஒரு நாள் ரோட்டைக் கடக்கும்போது அக்காவை லாரி அடித்துவிட்டது.

அடக்கம் முடிந்து வேலைக்குத் திரும்பினதும் பாஸ்கர் அண்ணனிடம்தான் அழுதேன். "அக்கா கைய எடுத்துடுண்ணா, அதப் பாத்துக்கினு என்னால வேல செய்ய முடியாது."

"எடுத்தாச்சும்மா, வேற ஆள் கை போட்டுட்டோம். சத்தியமா."

கூடப்பிறந்தவர் சொன்ன மாதிரி நம்பினேன்.

மறுநாள் காலை ஷிஃப்ட், லைன் முழுக்க ஆட்கள். கண்ணாடியை மாட்டினால் அதே கைகள். அக்காவின் வளைந்த சுண்டுவிரல் எனக்குத் தெரியாதா? பொய் சொல்லியிருக்கிறார். கழற்றப் போனேன், அதற்குள் அந்தக் கை என் பக்கம் திரும்பி, கட்டைவிரலால் என் நெற்றியில் சிலுவை போட்டது. வீட்டை விட்டுக் கிளம்பும்போது அவள் எனக்குப் போடுவது அது. கம்பெனிக்குள் ஒரு நாளும் போட்டதில்லை, கேமரா எப்படிப் பார்த்திருக்கும்? விரல் பட்டதுங்க, நிஜமாகவே பட்டது.

அவரிடம் சண்டை போடப் போகவில்லை. எனக்காக வந்திருக்கிறாள் என்று சாப்பாட்டு நேரம் வரைக்கும் அழுகையும் சந்தோஷமுமாக இருந்தேன். கேன்டீனில் பக்கத்தில் உட்கார்ந்த ரேவதியிடம், புதிதாகச் சேர்ந்தவள், மெதுவாகச் சொன்னேன்.

அவள் சோற்றைப் பிசைந்துகொண்டே, "எனக்கும்தான் போட்டுச்சுக்கா. எல்லாருக்கும் போடுது. புது ஸ்டெப்புன்னு நெனச்சேன், இல்லியா?" என்றாள்.

பாஸ்கர் அண்ணன் ஏமாற்றியதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். அக்கா, எனக்கு மட்டும் என்று இருந்ததை எப்படி எல்லாருக்கும் கொடுத்தாய்? கொடுத்தது நீதானா?

இன்றைக்கும் அதே கண்ணாடிதான். மற்றவர்களுக்கெல்லாம் தினமும் போடுகிறதாம். எனக்கு அந்த ஒரு நாளைக்கு அப்புறம் போடவேயில்லை.

நீங்கள் எந்தச் சாமியைக் கும்பிட்டாலும் சரி, எங்கள் ஸ்டெல்லாக்கா எங்கே இருந்தாலும் அமைதியாக இருக்க ஒரு வார்த்தை வேண்டிக்கொள்ளுங்கள்.