ஏழு நிமிடத் தண்ணீர்

இடுப்புயர இரும்புச் சாவி. மேல்முனையில் குறுக்காக ஒரு பிடி. கொடைக்கானல் என்றதும் ஏரியோ மூடுபனியோ அல்ல, அந்தச் சாவியைத் தோளில் சாய்த்தபடி படிகளில் இறங்கிவரும் வால்வுக்கார அக்காவே என் நினைவில் முதலில் வருகிறார். ஒரு வீட்டின் கூரைக்கு நேர்மேலே அடுத்த வீட்டின் வாசல் இருக்கும்படி சரிவில் அடுக்கிய குடியிருப்பு அது. அந்தச் சாவியால் வால்வைத் திருகி, முறைவைத்துத் தெருத்தெருவாகத் தண்ணீர் திறந்துவிடுவது அக்காவின் வேலை. முதுகலை முடித்த கையோடு, அம்மக்களின் அன்றாடத்தை ஆவணப்படமாக்க நான் அங்கே சென்றிருந்தேன்.

உச்சி வரிசையில், படுக்கையில் கிடந்த தாயோடு ஒரு பெண் வசித்தார். கீழ்வீடுகள் பிடித்து முடித்த பிறகே அவர்கள் குழாய்க்குத் தண்ணீர் ஏறும்; அதற்குள் அந்தத் தெருவுக்கான நேரம் முடிந்துவிடும். ஆனாலும் மேலிருந்து "போதுங்கக்கா!" என்று குரல் வரும்வரை அக்கா வால்வை மூடமாட்டார். அதற்கு ஏழு நிமிடம் கூடுதலாக ஆகும். என் படத்தின் உயிரே அந்தக் காட்சிதான். ஆனால் அதிகாரிகள் யாரேனும் பார்த்தால் அக்காவின் தினக்கூலி வேலை போய்விடும். பல நாள் யோசித்து அதை வெட்டினேன். சிறு சந்தேகமும் எழக்கூடாதென்று, அக்கா வரும் மற்றக் காட்சிகளையும் நீக்கினேன். அவரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

குடியிருப்பின் கூடத்தில் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டிப் படம் போட்டோம். அக்கா பட்டுச்சேலை உடுத்தி முன்வரிசையில் அமர்ந்திருந்தார். படம் முடிந்ததும் பின்னாலிருந்து ஒருவர், "என்னக்கா, ஊர் பூராவையும் கூட்டியாந்தீங்க, படத்துல உங்களையே காணோம்?" என்று கேட்க, கூடம் சிரித்தது. அக்கா எழுந்து வெளியே போனார். பின்னாலேயே ஓடி, தணிந்த குரலில் காரணத்தைச் சொன்னேன்.

"அந்த ஏழு நிமிசத்த வெட்டுனது சரிதான் தம்பி. மத்த நேரமெல்லாம் நான் சோலி பாக்கலையா?"

பாதுகாப்பதாக எண்ணிக்கொண்டே ஒருவரை இல்லாமல் ஆக்கிவிட முடியும் என்பதை அன்றுவரை நான் யோசித்ததே இல்லை. அடுத்த வாரமே, அந்த ஏழு நிமிடத்தை மட்டும் விட்டுவிட்டு, அக்கா வரும் மற்றக் காட்சிகளைச் சேர்த்துப் படத்தைத் திரும்பத் தொகுத்தேன்.

அக்கா இப்போது வேலையை விட்டுவிட்டு அட்டுவம்பட்டியில் மகளோடு இருக்கிறார். இம்முறை அவரைக் கேட்டுவிட்டே இதை எழுதுகிறேன். கேட்கப் போன அன்று, கைபேசியில் அந்தப் படத்தை அவருக்குப் போட்டுக் காட்டினேன். திரையில் அக்கா சாவியோடு இறங்கி வந்து, கடிகாரத்தைப் பார்த்து, சொன்ன நேரத்துக்குக் கீழ்த்தெரு வால்வை மூடுகிறார். பார்த்துக்கொண்டிருந்த அக்கா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.

"ஏலே தம்பி, படத்துல நான் என்னா ஒழுங்கு!"

சொல்லிவிட்டு, சாவி இன்னும் அங்கே சாய்ந்திருப்பதுபோல, இடது தோளை மெல்லத் தடவிக்கொண்டார்.