போய்க்கொண்டே எதிர்த்த இடமாற்றம்

“ஒன்னைய மாத்துனவங்க மேலயே கேஸ் போட்டுட்டு, அவங்க குடுத்த சட்டையவே மாட்டிக்கிட்டுத் திரிவியா?” என்று அப்பா கேட்டார். கிண்டலா பயமா என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

இலங்கை மலையகத்தில் ஹட்டன் பக்கத்துப் பொலிஸ் நிலையம் ஒன்றில் நான் பெண் கான்ஸ்டபிள். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போய்ப் படித்தவளும் காக்கி போட்டவளும் நான்தான். அந்தப் பெருமையை நான் மறைத்ததில்லை. பெண்கள் பிரிவில் தமிழில் முறைப்பாடு எழுத என்னை விட்டால் ஆள் கிடையாது.

தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறிக்கும் அக்கா ஒருத்தி, வேலையை மேற்பார்க்கும் கங்காணி தன்னிடம் தப்பாக நடந்ததாகச் சொன்ன முறைப்பாட்டை நான்தான் எழுதினேன். அடுத்த மாதமே கிழக்கில் ஒரு கடலோர ஊருக்கு என்னை மாற்றி உத்தரவு வந்தது. காரணம், ‘சேவைத் தேவை’. அதற்கும் இதற்கும் தொடர்பு உண்டா? இடமாற்றம் எல்லோருக்கும் வருவதுதானே என்று ஒரு நாள் தோன்றும். மறுநாள் அந்த அக்காவின் முகம் நினைவுக்கு வரும்.

ஹட்டனில் ஒரு சட்டத்தரணியைப் பார்த்தேன்.

“அடிப்படை உரிமை மனுப் போடலாம் தங்கச்சி. ஆனா நீங்க மொதல்ல அங்க போய் டியூட்டில சேர்ந்திருங்க. போகலன்னா கட்டளைய மீறினதா ஆகிரும்.”

“போகமாட்டேன்னு கேஸ் போடுறதுக்குப் போகணுமா மேடம்?”

“ஆமா, அப்படித்தான்” என்று சிரித்தார். “இன்னொன்னு, வெளியாளை விட்டு மேலதிகாரிங்ககிட்ட பேச வச்சிராதீங்க. கேஸுக்கே கூடாது.”

தோட்டத்து லயத்தில் எங்கள் வீட்டுக்குத் திரும்பியபோது அம்மாவின் முகத்தில் ஒரே சந்தோஷம். தோட்டத்தில் எந்தத் தொல்லைக்கும் எல்லோரும் செய்வதைத்தான் அவளும் செய்திருந்தாள்: தொழிற்சங்கத் தலைவரிடம் போயிருந்தாள். அன்று மாலை தலைவரே வந்தார்.

“மேல பேசிட்டேம்மா. நின்னுரும். கேஸு கீஸெல்லாம் வேணாம்.” தேத்தண்ணியைக் குடித்துவிட்டு எழும்போது, “அந்தக் கங்காணியும் நம்ம சங்கத்து ஆளுதான், பாத்துக்க” என்றார்.

எதைப் பார்த்துக்கொள்ள? அம்மாவிடம் கேட்டேன்.

“நல்லதுக்குத்தான் சொல்லியிருப்பாரு. நீ எல்லாத்தையும் வெசாரணை பண்ணாத புள்ள.”

தலைவர் பேச்சில் உத்தரவு ரத்தானால் என் மேசை எனக்கு இருக்கும். ஆனால் அந்த அக்கா எதிரே வந்து உட்காரும்போது நான் யாருடைய ஆளாக அங்கே இருப்பேன்? வழக்கில் தோற்றால் அவளுக்குத் தமிழில் எழுத அங்கே யாருமே இல்லை. எது சரி என்று யோசித்து யோசித்துத் தலைதான் வலித்தது.

தெளிவு வராமலேயே மறுநாள் தலைவர் வீட்டுக்குப் போனேன். “எனக்காகப் பேசுறத நிப்பாட்டிருங்க தலைவரே.”

“படிப்பு கூடிப்போச்சு ஒனக்கு” என்றார். கோபப்பட்ட மாதிரியும் இல்லை.

அம்மா அவரிடம் போனதையும், மனுவோடு சத்தியம் செய்து கொடுக்கும் சத்தியக்கடதாசியில் எழுதச் சொன்னேன். சட்டத்தரணி ஒருமுறைக்கு இருமுறை என்னைப் பார்த்துவிட்டு எழுதினார். கையெழுத்திட்டேன். மனு கொழும்பில் பதிவாகிவிட்டது. நான் இந்தக் கடலோர நிலையத்தில் கடமையேற்றுவிட்டேன்.