வெந்நீர் ஊற்றில் வேகாத அரிசி

சிரிக்கப்பிடாது சார், முதல்லயே சொல்லிட்டேன். நான் கோட்டாறுல பாத்திரக்கடை வச்சிருக்கவன். குக்கர், உருளி, இட்லிக் கொப்பரை எல்லாம் வித்தே தலை நரைச்சவன், எந்த அரிசி எந்தப் பாத்திரத்துல எப்ப வேகும்னு தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன். பேய், பிசாசு, கனவுல வந்து சொல்லிச்சுன்னு எவனாவது ஆரம்பிச்சா, ‘சவத்த விடும் வேய்’னு சொல்லிட்டு எந்திரிச்சுப் போயிருவேன். எங்க ஊர்ல எதுக்கெடுத்தாலும் வாயில வர்ற பேச்சுதானே அது. இப்ப எங்க வீட்டுல அத யாரும் சொல்றதில்ல. எங்களுக்கு சவம் கிடைக்கவே இல்ல சார், அதான்.

எனக்கு ஒத்தப் புள்ள, மணிகண்டன். சிவில் படிச்சான், வடக்க இமயமலைப் பக்கம் ரோடு போடுற வேலைக்குப் போனான். ஒரு தை மாசம் ஜீப்புல மேல போனவன், பனி சரிஞ்சு வண்டியோட போயிட்டான். வண்டி கிடைச்சுது, டிரைவர் கிடைச்சாரு, இவன் மட்டும் கிடைக்கல. தேடாம இல்ல, நல்லாத்தான் தேடினாங்க, நானும் போயி நின்னேன், நாய் எல்லாம் விட்டுத் தேடினாங்க. கடைசில அவனுக்க பெட்டி வந்துச்சு. அதுல நாலு சட்டை, ஒரு செருப்பு, நாங்க இங்கருந்து குடுத்துவிட்ட துவர்த்து, தலை துவட்டுற துண்டு, அவ்வளவுதான்.

என் வீட்டுக்காரி சரசு அழவே இல்ல. காரியமும் செய்ய விடல. சொந்தக்காரங்க எல்லாம் மாறி மாறி வந்து, ஆடி அமாவாசைக்கு கடல்ல எள்ளும் சோறுமா ஒரு பலியாவது போடுங்க, பய அலையப்பிடாதுன்னு சொன்னாங்க. இவ எல்லாருக்கும் காப்பி போட்டுக் குடுத்துட்டு, ‘முகத்தப் பாக்காம நான் என்னத்த நம்பட்டும்?’னு ஒரே வார்த்தை. எனக்கோ அத முடிச்சா போதும்னு இருந்துச்சு. எரிச்சலா இருக்கும் சார், உண்மையச் சொல்லுகேன், செத்துப்போன புள்ளைக்கு தினமும் ஒரு தட்டு எடுத்து வச்சுட்டு உக்காந்திருக்கிறவளப் பாத்தா அழுகையும் வரும், எரிச்சலும் வரும்.

ரெண்டு வருசம் இப்படிப் போச்சு. ஒரு நாள் அவளே வந்து சொன்னா.

“இஞ்ச பாருங்க, என்னை ஒருக்கா அங்க கூட்டிட்டுப் போங்க. அந்த இடத்த நான் பாக்கணும். பாத்துட்டு வந்தா நீங்க சொல்றதக் கேக்கேன். பலி போடுங்க, நான் ஒண்ணும் சொல்லல.”

இதுக்கு மேல என்ன வேணும்? டிக்கெட் எடுத்துட்டேன்.

கிளம்பும்போது பாத்தா பையில அரிசி எடுத்து வைக்கா. நம்ம வயல் சம்பா அரிசி, புழுங்கல், குண்டு குண்டா இருக்கும். என்னட்டின்னு கேட்டா, ‘அவன் கேட்டான்’னா. கேட்டது உண்மைதான். உயிரோட இருக்கும்போது போன்ல சொல்லுவான், எம்மா இங்க காட்டுக்குள்ள ஒரு வெந்நீர் ஊத்து இருக்கு, துணியில அரிசியக் கெட்டிப் போட்டா அடுப்பே வேண்டாம், தானா வெந்துரும், நீங்க வரும்போது நம்ம அரிசி கொண்டாங்க, ரொட்டியத் தின்னு வாய் செத்துப்போச்சுன்னு. அது அவளுக்கு மறக்கல. நானும் விட்டுட்டேன். எப்படியோ அவ வந்தாப் போதும்.

அங்க போயி ஒரு டூர் வேன்ல இடம் பிடிச்சேன். காலைல கூட்டிட்டுப் போயி, ஊத்துல குளிக்க வச்சு, சாயங்காலம் கொண்டு விட்டுருவாங்க. வேன் முழுக்க வடக்கத்தி ஆளுங்க, சிரிப்பும் பாட்டும். சரக்கெடுக்கப் போயிப் போயி எனக்கு ஒடைஞ்ச இந்தி தெரியும், அதனால கைடு சொல்றது புரிஞ்சுது. அவரு நடுவயசுக்காரரு, வாய் ஓயாத ஆளு. குளிருன்னா எங்களுக்கு ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காத்துதான் தெரியும், இது வேற, பல்லு கிட்டிக்கிட்டு பேச்சே வரல. ரெண்டு பக்கமும் தேவதாருக் காடு, அதுக்கு மேல வெள்ளையா மலை.

ஒரு வளைவுல வண்டிய நிறுத்தி, இங்கதான் சில வருசத்துக்கு முன்ன பனி சரிஞ்சு ஆளுங்க போனாங்கன்னு கைடு கையக் காட்டினாரு. நீர்வீழ்ச்சியக் காட்டின அதே குரல்லதான் சொன்னாரு. எல்லாரும் இறங்கி போட்டோ எடுத்தாங்க. அவங்களத் தப்பு சொல்ல முடியாது, எங்க நெத்தியில எழுதியா ஒட்டியிருக்கு?

“இதானா?”ன்னா சரசு.

“இதான்.”

அவ ரொம்ப நேரம் பாத்தா. பாக்க என்ன இருக்கு, வெள்ளைதான். ‘ஒண்ணுமே இல்லியே’ன்னு சொல்லிட்டு வண்டியில ஏறி உக்காந்துட்டா. இவ்வளவு தூரம் வந்தது இதுக்குத்தானான்னு தோணிச்சு.

ஊத்துக்கு வண்டியவிட்டு இறங்கி நடக்கணும். போனா பாறைக்கு நடுவுல ஒரு குழி, தண்ணி தளதளன்னு கொதிக்குது, கந்தக நாத்தம், ஆவி ஆளையே மறைக்குது. குளிக்கிறதுக்கு கீழ வேற தொட்டி கட்டி விட்டிருக்காங்க, இந்தக் குழியில கை வச்சா தோலு உரிஞ்சு வந்துரும். சுத்தி கம்பி அடிச்சிருக்கு, அரிசி மூட்டையச் சரடுல கெட்டி அதுல தொங்க விடணும், வெந்த சோற பிரசாதமா வீட்டுக்குக் கொண்டு போவாங்களாம். எல்லாரும் போட்டாங்க. சரசு பையத் திறந்து, மணிக்க அந்தத் துவர்த்துல பாதியக் கிழிச்சு, அதுல அரிசியக் கொட்டி முடிஞ்சு எங்கிட்ட குடுத்தா. நான் என் கையால கெட்டித் தொங்கவிட்டேன்.

அரை மணி நேரத்துல எடுக்கலாம்னு கைடு சொன்னாரு. நான் சொன்னேன், அண்ணே உங்க அரிசி ஊசி மாதிரி, அது வெந்துரும், எங்க அரிசி வீட்டு அடுப்புலயே முக்கா மணி நேரம் கேக்கும், கொஞ்சம் நில்லுங்கன்னு. எல்லாரும் அவங்கவங்க சோற எடுத்து, ஆவி பறக்கப் பறக்க வாயில போட்டுட்டு, எங்க ரெண்டு பேருக்காக நிக்காங்க. சிலபேரு மூஞ்சியச் சுளிச்சாங்க. எனக்கு வெக்கமாப் போச்சு. குண்டு அரிசியத் தூக்கிக்கிட்டு இமயமலைக்கு வந்த ஒரே கூட்டம் நாங்கதான் இருப்போம்.

கடைசில சரட இழுத்தேன்.

இனிமே சொல்றத நீங்க நம்புனாலும் சரி, நம்பாட்டாலும் சரி. மூட்டை மேல வருது, ஆவி இல்ல. பக்கத்து மூட்டையெல்லாம் சொட்டச் சொட்ட புகையுது, இதுல ஒரு சொட்டுத் தண்ணி இல்ல. அடியில கைய வச்சுத் தாங்கினேன், வச்ச கை விறைச்சுப் போச்சு. எங்க ஊர்ப் பக்கம் முட்டம் கடற்கரையில மீன் பெட்டிக்குள்ள ஐசுல கைய விட்டா எப்படி இருக்கும், அப்படி. பயந்து மறுபடி தண்ணியில விட்டுட்டேன். கைடு என்னன்னு கேட்டு அவரே இழுத்தாரு, தொட்டாரு, கையச் சடார்னு எடுத்துட்டாரு. அவ்வளவு நேரம் ஓயாத வாய் அப்பிடியே நின்னு போச்சு. ரெண்டு காதையும் தொட்டுக்கிட்டு, வாங்க போலாம்னு மட்டும் சொன்னாரு, அதுக்கப்புறம் ஊரு வந்து சேர்ற வரைக்கும் அவரு எங்க பக்கம் திரும்பவே இல்ல.

நான் முடிச்ச அவுத்துப் பாத்தேன். அரிசி பானையில இருந்து அப்பத்தான் அள்ளின மாதிரி உலர்ந்து கிடக்கு. ஒண்ண எடுத்துக் கடிச்சேன், நறுக்குன்னுது.

சரசு பயப்படல. அந்த மூட்டைய எங்கிட்ட இருந்து வாங்கினா, ஸ்வெட்டருக்கு உள்ள நெஞ்சோட அணைச்சுக்கிட்டா, மேல சால்வையச் சுத்தினா.

“அவனுக்குக் குளிருதுங்க,”ன்னா. அப்பத்தான் சார் அழுதா. ரெண்டு வருசத்து அழுகையும் அந்தப் பாறையில உக்காந்து அழுதா. எனக்கு என்ன செய்யணும்னு தெரியல, செருப்பப் பாத்துக்கிட்டு நின்னேன்.

வர்ற வழியெல்லாம் அத நெஞ்சுலயே வச்சிருந்தா. ரூமுக்கு வந்து பாத்தா, நெஞ்சுல அந்த இடம் மட்டும் வெளுத்துப் போயிருக்கு.

நான் மனசுக்குள்ள காரணம் தேடினேன், பாத்துக்கிடுங்க. பனித்தண்ணி எங்கயாவது உள்ள ஓடும், நம்ம மூட்டை அதுல சிக்கியிருக்கும், கைடும் பயந்த ஆளு, அப்படின்னு என்னென்னவோ. சரி, ஊருக்கு வந்தா தெரிஞ்சுரும்னு இருந்தேன். வந்த அன்னைக்கே கடையில இருந்து புதுக் குக்கர் ஒண்ணு எடுத்துட்டுப் போயி, அந்த அரிசியப் போட்டு அடுப்புல வச்சேன். விசில் வந்துச்சு, வந்துச்சு, வந்துக்கிட்டே இருந்துச்சு. திறந்தா தண்ணி கொதிக்கி, கரண்டியால அரிசிய அள்ளி விரல வச்சுப் பாத்தா பச்சைத்தண்ணியவிட குளுந்திருக்கு. உருளியில வச்சேன், விறகு அடுப்புல வச்சேன். வீட்டு அரிசிப் பானையில மிச்சம் இருந்த அதே அரிசியப் போட்டா பூ மாதிரி வேகுது சார், அந்த மூட்டையில போன அரிசி மட்டும் வேகல.

பலிப் பேச்ச எடுத்தேன். வாக்குக் குடுத்தியேன்னு கேட்டேன்.

“அவன் மேல இன்னும் சூடே படல. சூடு படாத புள்ளைக்கு நீங்க எப்பிடிங்க பலி போடுவீங்க?”ன்னா.

மத்தவங்க புள்ளைக்கெல்லாம் சுடுகாட்டுல ஒரு நெருப்பாவது கிடைக்கி. அன்னையில இருந்து தினமும் விளக்கு வைக்கிற நேரத்துக்கு அவ அந்த அரிசிய அடுப்புல ஏத்தி வச்சுட்டுப் பக்கத்துலயே உக்காந்திருப்பா. கொஞ்சம் நாளாயிட்டா வெந்துரும்னு சொல்லுவா. நம்பிக்கை கெட்டது சார், இல்லாம இருந்தா அழுதுட்டுத் தூங்கலாம்.

எனக்கு ஒரு நினைப்பு வந்துச்சு, அத அவகிட்ட நான் இன்னி வரைக்கும் சொல்லல. வேகாத அரிசி மனுசனுக்கு ஒரே ஒரு தடவைதான் வாயில விழும். வாய்க்கரிசி. எம்புள்ளைக்கு அது யாரும் போடல. அவன் கேட்டது சோறு இல்லியோ, அதத்தான் கேட்டானோ?

போன ஆடி அமாவாசைக்கு அவ தூங்கும்போதே எந்திரிச்சு, அந்த வேகாத அரிசிய வச்சிருந்த டப்பாவுல இருந்து ஒரு பிடி அள்ளிக்கிட்டு கன்னியாகுமரிக்குப் போயிட்டேன். முக்கடல்ல அவ்வளவு கூட்டம், இலையும் எள்ளுமா அவங்கவங்க ஆளுக்குப் போடுறாங்க. நான் இடுப்பளவுத் தண்ணியில நின்னு, மணின்னு கூப்பிட்டு, பிடிய விரிச்சு அரிசிய விட்டேன். ‘வாயத் தொறடா மக்கா’ன்னு சொன்னேன், சொன்னது நான்தானான்னு எனக்கே தெரியல. அலை வந்து எல்லாத்தையும் எடுத்துட்டுப் போயிருச்சு. முடிஞ்சுதுன்னு நினைச்சேன்.

கரைக்கு வந்து துவட்டும்போதுதான் பாத்தேன், வலது உள்ளங்கை சில்லுன்னு இருக்கு. வெயில் ஏறிச்சு, போகல. வீட்டுக்கு வந்து சுடுதண்ணியில முக்கினேன், போகல. டாக்டர் ரத்த ஓட்டம் நல்லாத்தான் இருக்குன்னாரு. கடையில பாத்திரத்த எடுத்துக் குடுக்கும்போது கை பட்டுட்டா ஆளுங்க நிமிந்து என் மூஞ்சியப் பாப்பாங்க, அப்புறம் மெதுவா கைய எடுத்துக்குவாங்க. இந்தா, நீங்களும் தொட்டுப் பாருங்க.

எடுத்துட்டீங்க பாத்தீங்களா? எல்லாரும் எடுத்துருவாங்க.

சரசுகிட்ட நான் ஒண்ணும் சொல்லல. அன்னைக்கு சாப்பாடு போடும்போது அவ விரல் என் கையில பட்டுது, அப்படியே நின்னா. என்ன ஏதுன்னு கேக்கல. அப்ப இருந்து படுத்ததும் இந்தக் கையத்தான் தேடி எடுத்து, ரெண்டு கைக்கும் நடுவுல வச்சு, விடிய விடிய தேச்சுக்கிட்டே கிடப்பா. கல்யாணமான நாள்ல கூட அவ என் கைய இப்படிப் பிடிச்சதில்ல. அவ பிடிக்கிறது என் கைய இல்ல சார். எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் இழுத்துக்காம படுத்துக் கிடக்கேன்.