பிறகு என்ன செய்தாள்

வியாழக்கிழமை மாலை அம்மாவும் நானும் விடுதி மொட்டைமாடியில் படுக்கை விரிப்புகளை மடித்தோம். பதினெட்டு விரிப்புகள். ஆளுக்கு இரண்டு முனை. நான் அவளை நோக்கி நடக்க வேண்டும். அவள் என் முனைகளை வாங்கிக்கொள்வாள்.

"ஏட்டி ஜான்சி, ஒருத்தன் 'கோஸ்ட்' பண்ணிட்டான்னா என்னது? பேய் புடிச்சிட்டா?"

"நல்லாப் பேசிக்கிட்டு இருந்துட்டு, திடீர்னு பதிலே போடாம காணாமப் போறதும்மா."

"அதுக்கு ஏன் பேய் பேரு? பேயாவது அப்பப்ப வந்து எட்டிப் பாக்கும்."

வெள்ளிக்கிழமை காலை பால் பாக்கெட் எடுக்கக் கீழே இறங்கியவள் படியிலேயே உட்கார்ந்தாள், பிறகு எழுந்திருக்கவில்லை. மாரடைப்பு. வயது அறுபத்தாறு.

அம்மா செல்வமேரி தூத்துக்குடியிலிருந்து கல்யாணமாகிப் புனேக்கு வந்தவள். வெடிமருந்துத் தொழிற்சாலையில் முப்பது வருடம் பரிசோதனைப் பிரிவில் இருந்தாள். ஒரு லாட், அதாவது ஒரு பெட்டி உதிரிபாகம், வந்தால் மூன்றை எடுத்து அளக்க வேண்டும். மூன்றும் சரியாக இருந்தால்தான் முத்திரை. ஓய்வு பெற்ற பிறகு புனேயிலேயே சாங்வியில் ஒரு பெண்கள் விடுதிக்கு வார்டன் ஆனாள். ஹிந்தியும் மராத்தியும் சரளம். ஆங்கிலத்தில் தொழிற்சாலைச் சொற்கள் மட்டும் தெரியும்: அக்செப்ட், ரிஜெக்ட், ஓவர்டைம்.

முதல் மாதமே, விடுதி வாட்ஸப் குழுவில் ஒரு பெண் 'ஐ'ம் டெட்' என்று எழுதினாள். அம்மா மூன்று மாடி ஓடி ஏறி, வாட்ச்மேனை வைத்துத் தாழ்ப்பாளை உடைத்தாள். அந்தப் பெண் கட்டிலில் படுத்து ஏதோ வீடியோ பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். ஒரு வாரம் விடுதியே அம்மாவைப் பார்த்துச் சிரித்தது.

"சிரிச்சா சிரிக்கட்டும். தாழ்ப்பாள மாத்திக்கிடலாம்" என்றாள் அம்மா.

அன்றே ஒரு நோட்டு போட்டாள். மூன்று பத்திகள்: சொல், சொன்னது யார், பிறகு என்ன செய்தாள். எல்லாம் முதலில் பென்சிலில். மூன்று முறை பார்த்த பிறகே பொருளைப் பேனாவால் எழுதுவாள்.

"போன்ல போட்டா ஒரு நொடியில அர்த்தம் வருமேம்மா."

"போன் பொதுவாச் சொல்லும். இந்த லாட் எப்படின்னு நாமதான் பாக்கணும்."

'ஐ'ம் டெட்': மூன்று சப்பாத்தி சாப்பிட்டாள். 'சில், ஆன்ட்டி', தாமதமாக வந்ததைக் கேட்டபோது: கதவை அறைந்தாள். 'மை பேட்', குழம்பைக் கொட்டிவிட்டு: எல்லார் தட்டையும் கழுவினாள். 'ஐ'ம் குட்', சாப்பாட்டுக்குக் கூப்பிடும்போது: வெளியிலிருந்து பார்சல் வந்தது. மூன்று பேர், மூன்று பார்சல். பேனாவில்: 'உன் சாப்பாடு வேண்டாம்.'

போன செப்டம்பரில் பன்னிரண்டாம் அறை சஹானாவை இரவுச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டாள். "ஐ'ம் குட், ஆன்ட்டி" என்று உள்ளிருந்து குரல். அம்மா கீழே போய் வாட்ச்மேனிடம் விசாரித்தாள். பார்சல் வரவில்லை. காலையிலும் அதே பதில். பார்சல் இல்லை. மூன்றாவது முறைக்கு அவள் காத்திருக்கவில்லை. மாற்றுச் சாவியால் திறந்தாள்.

டெங்கு. தட்டணுக்கள் இருபதாயிரத்துக்குக் கீழே. இன்னும் ஒரு நாள் போயிருந்தால் கஷ்டம் என்றார் டாக்டர். அம்மா ஆஸ்பத்திரி நாற்காலியில் நான்கு நாள் இருந்தாள்.

"மறுபடியும் சிரிச்சிருந்தாங்கன்னா?" என்று கேட்டேன்.

"பழகிப்போச்சுட்டி."

சஹானாவை அவள் அப்பா பாஸ்கர் போபாலுக்குக் கூட்டிப்போனார். உடம்பு தேறியும் திருப்பி அனுப்பவில்லை. அவளுடைய வேலை இந்தத் திங்கட்கிழமை வரைதான் காத்திருக்கும். அம்மா அவருக்கு மூன்று முறை போன் செய்தாள். கடைசியில், "நானே ஏர்போர்ட்டுக்கு வந்து கூட்டிட்டுப் போறேன் சார்" என்றாள். அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் ஞாயிற்றுக்கிழமை அனுப்ப ஒப்புக்கொண்டார்.

இன்று, சனிக்கிழமை மதியம், அடக்கம். பதினேழு பெண்களும் வந்தார்கள். சஹானாவின் எதிர் அறை நஸ்ரின் என் தோளைப் பிடித்து, "ஐ காட் யூ, ஜான்சி தீதி" என்றாள்.

வீட்டுக்கு வந்து நோட்டைத் திறந்தேன். 'ஐ காட் யூ' பென்சிலில் இருந்தது. இரண்டு முறை. ஒருத்தி தோழியின் டிபன் டப்பாவை ஆபீஸ் வரை கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறாள். இன்னொருத்தி போலீஸ் ஸ்டேஷனுக்குத் துணைக்குப் போயிருக்கிறாள். நான் மூன்றாவதை எழுதினேன்: நஸ்ரின், சவப்பெட்டியின் ஒரு பக்கத்தைச் சுமந்தாள். பிறகு பேனா எடுத்துப் பொருளை எழுதினேன்: 'நான் இருக்கிறேன்.'

அளவுக்கருவிகள் சரியாகக் காட்டுகின்றனவா என்று சோதிப்பது என் வேலை. அதை யாரிடம் கற்றேன் என்று அம்மாவிடம் ஒருநாளும் சொன்னதில்லை. நன்றி, அம்மா.

பாஸ்கருக்குப் போன் செய்து விஷயத்தைச் சொன்னேன்.

"அப்போ நாளைக்கு யாரும்மா வருவா?"

"நான் வரேன் சார்."

"அனுப்பறேன்" என்றார்.

ஃப்ரிட்ஜ் கதவில் அம்மா ஒட்டிவைத்த சீட்டு இன்னும் இருக்கிறது. பென்சில் எழுத்து.

'ஞாயிறு 11.40. லோஹேகாவ் ஏர்போர்ட். சஹானா. இட்லி, மிளகாய்ப்பொடி எடுத்துக்கணும். வேணுமான்னு கேக்கக் கூடாது. கையில குடுத்துடணும்.'