பத்துக் கேடயங்களோடு சாகாமம் போனது

சனிக்கிழமை காலை ஐந்தே முக்காலுக்குக் கல்முனைக்குடியில் இருந்து சின்ன லொறியில் புறப்பட்டோம். நான் தோணி செய்கிற ஓடாவி. ஓட்டியவர் ஹனீபா காக்கா. பின்னால் நான் செய்த பத்துக் கேடயங்கள். சாகாமம் குளத்தில் படம் பிடிக்கிறார்கள். பழைய காலத்து ரோமாபுரிச் சிப்பாய்கள் தண்ணீரைக் கடக்கிற காட்சி.

ஒரு கேடயம் எட்டுக் கிலோ. மூன்று படை மெல்லிய பலகை, மேலே ஆட்டுத்தோல், நடுவில் இரும்புக் குமிழ். பாரத்தைக் குறைப்போமா என்று இயக்குநரிடம் கேட்டேன். கொழும்புக்காரர். பாரம் இல்லாவிட்டால் நடை பொய்யாகத் தெரியும் என்றார். இரும்புச் சட்டை, தலைக்கவசம், வாள் எல்லாம் சேர்ந்தால் ஒரு ஆள் மேல் இருபத்தைந்து கிலோ. அந்தச் சிப்பாய்கள் அதோடு நாள் முழுக்க நடந்தார்களாம்.

செய்து முடித்த அன்று ஒன்றை ஊர்க் களப்புத் தண்ணீரில் போட்டுப் பார்த்தோம். மிதந்தது. தண்ணீரில் சறுக்கினால் கேடயத்தின் மேல் சாயுங்கள் என்று இயக்குநர் எல்லாருக்கும் சொல்லிவிட்டார். முன்னுக்குப் போகிற சிப்பாய் என் மனைவியின் தம்பி நஸீர்.

ஏழு மணிக்கு அக்கரைப்பற்று. இருபத்தைந்து கிலோமீற்றர். பிளேன்டீ அறுபது ரூபாய். வெயில் ஏறியிருந்தது. வெயில் பட்டால் பலகை வெடிக்கும். அதனால் முந்தின நாளே ஈரச் சாக்கால் மூடி வைத்திருந்தேன். தோணிப் பலகைக்கு அப்படித்தான் செய்வோம். கடை வாளியை வாங்கித் திரும்பவும் நனைத்தேன்.

"விதைநெல்லா ஏத்தி வந்திரிக்காய்? முளைச்சிரும்டா" என்றார் காக்கா.

"முளைச்சா நீங்க வெட்டுங்க" என்றேன்.

எட்டரைக்குச் சாகாமம். சொன்ன நேரத்துக்கு மேல் சுணங்கிவிட்டோம். லொறி நிற்க முன்னமே சிப்பாய் வேஷத்தோடு நின்ற பெடியன்கள் கேடயங்களை இழுத்துக்கொண்டு குளக்கட்டுக்கு ஓடினார்கள். கடைசியாகக் கிடந்ததை நான் தூக்கினேன். கை கீழே போனது. பக்கத்தில் நெல் வாங்குகிறவரின் தராசு இருந்தது. வைத்தேன். பதினொன்றரைக் கிலோ.

தோலும் பலகையும் இரவு முழுக்கத் தண்ணீர் குடித்திருக்கின்றன. தோணி ஊறினால் நல்லது. இது தோணி இல்லை. அந்த யோசனை எனக்கு அப்போதுதான் வந்தது.

குளக்கட்டில் ஏறிப் பார்த்தேன். நஸீர் இடுப்பளவு தண்ணீரில் நின்றான். கேடயத்தின் வார் கையோடு இறுக்கிக் கட்டியிருந்தது. இன்னும் பத்து அடி போனால் பழைய வாய்க்கால் பள்ளம்.

"நஸீர், நில்லு" என்றேன். கேட்கவில்லை. கையில் இருந்த கேடயத்தை அவனுக்கு முன்னால் பள்ளத்தில் எறிந்தேன். சற்று நேரம் மட்டமாகக் கிடந்தது. பிறகு ஒரு பக்கம் சரிந்து தாழ்ந்துவிட்டது. நாலைந்து குமிழி வந்தது.

நஸீர் நின்றான். பின்னால் வந்தவர்களும் நின்றார்கள்.

"ஓடாவியார், என்ன வேலை இது?" என்றார் இயக்குநர்.

"பிழை என்ட சேர். சாக்கு போட்டு நனைச்சிட்டன். இது இப்ப மிதக்காது. ஆளையும் இழுத்துக்கு போகும்."

தண்ணீரில் இறங்கினேன். நஸீரின் வார் ஊறி முடிச்சு இறுகியிருந்தது. அவிழவில்லை. காலடியில் சேறு வழுக்கியது. இடுப்பில் இருந்த கத்தியால் வாரை அறுத்தேன். அவன் கேடயத்தின் மற்றப் பக்கத்தைப் பிடித்துக்கொண்டான். இரண்டு பேருமாக அதைக் கரைக்கு இழுத்தோம்.

"மச்சான், இனி நீங்க செஞ்ச தோணில நான் ஏறமாட்டன்" என்றான்.

"ஏறாத" என்றேன்.

தாழ்ந்த கேடயத்தை எடுக்க இரண்டு பேர் முக்குளித்தார்கள். மேலே கொண்டுவரக் கயிறு வேண்டியிருந்தது. இயக்குநர் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு, காட்சியைக் கரையிலேயே எடுப்போம் என்றார்.

நஸீரையும் ஏற்றிக்கொண்டு பின்னேரம் நாலு மணிக்குத் திரும்பினோம். எங்கள் கரையில் கடலுக்குப் போகிறவன் சட்டையைக்கூடக் கழற்றி வைத்துவிட்டுப் போவான். அந்தக் காலத்து ஆட்கள் இவ்வளவையும் கட்டிக்கொண்டு எத்தனை ஆறு கடந்தார்களோ. எத்தனை பேர் கரை ஏறினார்களோ. அதை யாரும் எனக்குச் சொல்லவில்லை.

நிந்தவூர் தாண்டும்போது நஸீர் வாய் திறந்தான்.

"ராத்தாட்ட சொல்லாதீங்க மச்சான்." அக்காவை அவன் ராத்தா என்பான்.

"ஓம்" என்றேன்.

வீட்டுக்கு வந்தேன். மனைவி சோறு போட்டாள். நான் கை வைக்கவில்லை. முதலில் அவளிடம் சொன்னேன், உன் தம்பியை இன்று நான் கொல்லப் பார்த்தேன் என்று.