நாய்ரா அண்ணி வாங்காத கார்

என் அண்ணன் அன்ஸோருக்குக் கோபம் வந்து நான் பார்த்ததில்லை. அவனுக்கு வாழ்க்கைப்பட்டு வந்த நாய்ரா அண்ணிக்கு, நாலு பேர் என்ன சொல்வார்களோ என்ற பயம் இருந்தும் நான் பார்த்ததில்லை. இந்த இரண்டு பேரும் ஓனி என்ற சின்ன டவுனுக்கு மேலே, மலைச்சரிவில் இருக்கும் எங்கள் ஊரில் ஒரே கூரையின் கீழ் இத்தனை வருடம் குடும்பம் நடத்தியது பலருக்கும் ஆச்சரியம்தான்.

அண்ணி மாட்டு டாக்டர். குதாயிசி நகரத்தில் படித்து, அங்கேயே வேலை பார்த்து, கல்யாணத்துக்குப் பிறகு இங்கே வந்தவர். வந்த புதிதிலேயே ஊருக்கு அவரைப் பற்றித் தெரிந்துபோனது. ஒரு வருடம் மழையில் பாதை சரிந்து, மேலே இருக்கும் மேய்ச்சல் நிலத்துக்கு யாரும் போக முடியவில்லை. மாவட்ட அலுவலகத்திலிருந்து ஒருவர் வந்து, "மேல இருக்கற மாடு எல்லாத்துக்கும் ஊசி போட்டாச்சுன்னு ஒரு கையெழுத்துப் போட்டுடுங்க டாக்டரம்மா, கணக்கு முடிக்கணும்" என்றார்.

"ஊசி இங்க இருக்கு. மாடு அங்க இருக்கு. ரெண்டும் மொதல்ல சந்திக்கட்டும், அப்புறம் போடறேன்" என்றார் அண்ணி.

சம்பளத்தை நிறுத்திப் பார்த்தார்கள். அண்ணி போய் அந்த அதிகாரியின் அறையில், அவர் நாற்காலியிலேயே உட்கார்ந்துகொண்டார். அவர் வந்து எழுந்திருக்கச் சொன்னதற்கு, "சம்பளம் இல்லாம சும்மா உக்காரதுக்கு எந்த எடம் வசதியா இருக்குன்னு பாத்துட்டு இருக்கேன்" என்றாராம். பாதை சரியானதும் மேலே போய் ஊசி போட்டுவிட்டு வந்துதான் கையெழுத்துப் போட்டார்.

அப்படிப்பட்டவரிடம் ஒரு பழைய ரஷ்ய நீவா ஜீப் இருந்தது. போன பிப்ரவரியில் பனிக்குள் அது நடுவழியில் உயிரை விட்டது. பக்கத்து ஊரில் கன்று வயிற்றுக்குள் குறுக்கே மாட்டிக்கொண்டு ஒரு பசு தவித்துக்கொண்டிருந்தது. அண்ணி பையைத் தோளில் போட்டுக்கொண்டு மீதித் தூரத்தை நடந்தே போனார். பசு பிழைத்தது. கன்று போய்விட்டது. வீட்டுக்கு வந்து பூட்ஸைக் கழற்றும்போதே, "வேற வண்டி வாங்கணும்" என்றார். அண்ணன் தலையாட்டினான்.

அண்ணனுக்கு அப்போது உடனே ஞாபகம் வந்தவன் மல்காஸ். சின்ன வயதிலிருந்தே இருவரும் கூட்டாளிகள். அண்ணன் மகன் பேகாவுக்கு ஞானஸ்நானம் கொடுத்தபோது கையில் ஏந்தி நின்ற ஞானத்தகப்பன் அவன்தான். எங்கள் பக்கம் அந்த உறவு கூடப்பிறந்ததைவிட நெருக்கம். அந்த இரண்டு வீட்டுக்குள் பெண் கொடுத்து எடுக்கக்கூட மாட்டோம். மல்காஸுக்கு ருஸ்தாவி கார்ச் சந்தையில் சொந்தமாக ஒரு இடம் உண்டு. அமெரிக்காவில் ஓடிய கார்களை ஏலத்தில் எடுத்து, கப்பலில் பொத்தி என்ற துறைமுகத்துக்கு வரவழைத்து விற்பான்.

ஈஸ்டர் கழிந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஒரு வெள்ளைக் காரை ஓட்டிக்கொண்டு அவனே வந்துவிட்டான். ஜப்பான்காரன் செய்த வண்டி, நாலு சக்கரமும் இழுக்கும், உயரமாக, பளபளவென்று இருந்தது. முற்றத்தில் மேசை போட்டிருந்தோம். பயறு வைத்த ரொட்டி, புகை போட்ட பன்றித் தொடை, அண்ணனுடைய சொந்தத் திராட்சை மது எல்லாம் இருந்தன. மேசைத் தலைவனாக மல்காஸையே உட்கார வைத்தோம். அவன் கோப்பையைத் தூக்கி முதலில் கடவுளுக்கும், பிறகு இறந்தவர்களுக்கும், பிறகு உறவுக்கும் என்று அழகாகப் பேசினான். பேசுவதில் அவனை மிஞ்ச எங்கள் பக்கம் ஆள் கிடையாது.

"அமெரிக்காவுல ஒரு ஸ்கூல் டீச்சரம்மா வச்சிருந்த வண்டி. ஞாயித்துக்கிழமை கோயிலுக்குப் போய்ட்டு வரதுக்கு மட்டும்தான் எடுப்பாங்களாம்" என்றான்.

"அந்த டீச்சரம்மா பேரு என்னண்ணே?" என்று கேட்டார் அண்ணி.

"பேரெல்லாம் யாருக்குத் தெரியும் தங்கச்சி."

"கோயிலுக்குப் போனது மட்டும் தெரிஞ்சிருக்கே."

எல்லோரும் சிரித்தோம். மல்காஸும்தான் சிரித்தான். ஆனால் அண்ணி விடவில்லை. எந்த ஊர் ஏலத்தில் எடுத்தது, அங்கே எந்த நிலையில் இருந்தது, இங்கே இறக்கிய பிறகு என்னென்ன மாற்றினீர்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். மேசைக்கு அடியில் அண்ணன் அவர் காலை மிதித்தது எனக்கே தெரிந்தது.

மல்காஸ் கோப்பையைக் கீழே வைத்தான். "உன் பிள்ளைய இந்தக் கையில ஏந்தி தண்ணியில முக்கினவன் நான். என்னையே போலீஸ் மாதிரி விசாரிக்கறியே தங்கச்சி."

"விடேன் நாய்ரா" என்றான் அண்ணன்.

அண்ணி கையைத் துடைத்துக்கொண்டு எழுந்து காரிடம் போனார். நானும் பின்னாலேயே போனேன். கதவைத் திறந்ததும் குப்பென்று வாசனை. கண்ணாடியில் மூன்று வாசனை அட்டைகள் தொங்கின. "வாயில நோய் வந்த மாட்டுக்குப் புதினாவத் தேச்சு சந்தைக்கு ஓட்டிட்டு வரவன நான் பாத்திருக்கேன் ரமாஸ்" என்றார் என்னிடம். பிறகு ஓட்டுநர் பக்கத்து சீட் பெல்ட்டைப் பிடித்து, முழுவதும் வெளியே வரும்வரை இழுத்தார். மேலே புதிது மாதிரி இருந்த பட்டை, உள்ளே சுருண்டு கிடந்த பாகத்தில் பழுப்பாக, ஒரு கோடு போட்ட மாதிரி கறையோடு இருந்தது. விரலால் தேய்த்தால் பொடியாக மண் உதிர்ந்தது.

முன்கண்ணாடியின் ஓரத்தில், வண்டியைச் செய்த இடத்திலேயே பொறித்த எண் இருக்கும். அதை போனில் தட்டி, அமெரிக்க ஏலப் படங்களைக் காட்டும் இணையத்தளத்தில் தேடினார். எங்கள் முற்றத்தில் சிக்னல் வந்து வந்து போகும். வேலியோரம் கொஞ்ச நேரம் நின்றோம். படங்கள் மெதுவாக மேலிருந்து இறங்கின. அதே வெள்ளைக் கார். கதவுக் கைப்பிடியில் புல் சுற்றியிருந்தது. சீட் முழுக்கச் சேறு. ஜன்னல் உயரத்துக்குத் தண்ணீர் நின்ற தடம். 'வெள்ளச் சேதம்' என்று கீழே போட்டிருந்தது.

அண்ணி திரும்பி வந்து, ரொட்டித் தட்டுக்கும் மதுக்குடுவைக்கும் நடுவில் போனை வைத்தார். "என் பிள்ளைய முக்கினது கோயில்ல. இந்த வண்டிய முக்கினது யாருண்ணே?"

மல்காஸ் படத்தைப் பார்த்தான். "காஞ்ச வண்டி காஞ்சதுதான். நாட்டுல பாதிப் பேர் இதத்தான் ஓட்டறான். எவனாவது செத்தானா?"

"இந்த மலையில இறங்கறப்ப உள்ள ஒரு கம்பி துருப்பிடிச்சு அத்துப்போனா யாரப் போய்க் கேக்கறது?"

"சரி, விலையக் கொறச்சுக்கறேன்."

"விலைய நான் பேசவே இல்லையே. தெரிஞ்சு கொண்டாந்தீங்களா, தெரியாமக் கொண்டாந்தீங்களா? அத மட்டும் சொல்லுங்க."

அவன் நாற்காலியைப் பின்னால் தள்ளினான். எழுந்தான். "இனிமே இந்த வாசப்படிய மிதிச்சா ஏன்னு கேளு."

"போறதுதான் போறீங்க, மெதுவாப் போங்க. இறக்கம்" என்றார் அண்ணி.

ரொட்டி அடுப்புக்காரர் கடைவரைக்கும் அன்றே பேச்சு பரவிவிட்டது. உறவுக்காரனிடம் வண்டிக்கு ஜாதகம் கேட்ட பொம்பளை என்றார்கள். அண்ணன் சில நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. அவனுக்குக் கோபம் இல்லை, வெட்கம். "வேண்டாம்னு நைசா சொல்லியிருக்கலாம். மேசைமேல கொண்டுவந்து வச்சியே" என்றான்.

"அவரு பொய்ய எங்க வச்சாரு? மேசைமேலதான வச்சாரு."

ஆனாலும் வண்டி வேண்டுமே. மே மாதம் என் வேனிலேயே அண்ணியை ருஸ்தாவிக்கு அழைத்துப்போனேன். மைல் கணக்கில் கார்கள், வெயில், தூசி. ஒவ்வொரு இடத்திலும் அண்ணி அதே கேள்விகளைக் கேட்டார். எண்ணைப் போனில் தட்டிப் பார்த்தார், பெல்ட்டை இழுத்தார். ஒருவன் சலித்துப்போய், "அம்மா, நீங்க கார் பாக்க வந்தீங்களா, மருமகள் பாக்க வந்தீங்களா?" என்றான்.

"மருமகளுக்கு இவ்ளோ கேக்க மாட்டேன். அவளுக்கு வாய் இருக்கு, அவளே சொல்லுவா."

அடுத்த வரிசையில் மல்காஸுடைய இடம். அந்த வெள்ளைக் கார் முன்னால் நின்றது. கண்ணாடியில் ஒரு அட்டை: 'அடிபடாத வண்டி, சேதமே கிடையாது.' ஒரு இளம் ஜோடி அதைச் சுற்றி வந்தது. அந்தப் பெண் பின்கதவைத் திறந்து குழந்தை வண்டி உள்ளே நுழைகிறதா என்று வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். குழந்தை அவள் கணவன் தோளில் தூங்கியது.

அண்ணி ஒரு நிமிடம் நின்றார். பிறகு பைக்குள் கையை விட்டு, ஊசி போட்ட மாட்டின் முதுகில் அடையாளம் போடும் சிவப்பு மெழுகுக் குச்சியை எடுத்தார். நேரே போய் முன்கண்ணாடி முழுவதும் பெரிய எழுத்தில் எழுதினார்: 'வெள்ளத்தில் முங்கிய வண்டி.'

மல்காஸின் ஆட்கள் இரண்டு பேர் ஓடி வந்தார்கள். ஒருவன் அண்ணியின் தோளைப் பிடித்துத் தள்ளினான். நான் நடுவில் போனேன். "நீ தள்ளி நில்லு ரமாஸ்" என்றார் அண்ணி. சத்தம் கேட்டு மல்காஸ் வந்தான். கண்ணாடியைப் படித்தான். முகம் அந்த எழுத்தின் நிறத்துக்கு வந்தது.

"அழி."

"அழிக்கறேன் மல்காஸ்." 'அண்ணே' என்ற சொல் போய்விட்டது. "இந்தப் பொண்ணு மூஞ்சியப் பாத்து, அது பொய்னு சொல்லு. நானே என் பாவாடையால துடைச்சுட்டுப் போறேன்."

மல்காஸ் அந்தப் பெண்ணைப் பார்த்தான். எங்கள் மேசையில் அத்தனை அழகாகப் பேசியவன், சாவிக்கொத்தை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றினான். அவள் கணவன், "நெசமாவா அண்ணே?" என்று கேட்டான். "யாவாரம் தெரியாதவங்க பேச்ச..." என்று மல்காஸ் ஆரம்பிப்பதற்குள் அவள் குழந்தை வண்டியை வெளியே எடுத்துவிட்டாள்.

சந்தைக் காவலாளி வந்து, அடுத்தவன் வண்டியில் கிறுக்குவது குற்றம் என்றார். "அபராதம் போடுங்க. முங்கின வண்டிய முங்கினதுன்னு எழுதினதுக்காகன்னு ரசீதுல காரணத்தையும் சேத்து எழுதுங்க" என்றார் அண்ணி. அவர் மீசைக்குள் சிரித்துக்கொண்டு போய்விட்டார்.

எதிர் வரிசைக்காரன் ஒருவன் கத்தினான். "எல்லார் வயித்துலயும் அடிக்காதம்மா, போயிரு."

"உன் வண்டிக்கும் எழுதணுமா? குச்சி இன்னும் இருக்கு."

அவன் உள்ளே போய்விட்டான். ஒரு பையன் வாளித் தண்ணீரை ஊற்றித் தேய்த்தான். மாட்டின்மேல் மழையில் நனைந்தும் போகாத மெழுகு அது. இழுகியதே தவிரப் போகவில்லை.

வழியில் காபிக் கடையில் நிறுத்தினேன். அண்ணி காபியில் சர்க்கரை போட்டுவிட்டு, மறந்துபோய் மறுபடியும் போட்டார்.

"பயந்துட்டீங்களா அண்ணி?"

"பயம் இல்லாம? காளைகிட்டப் போறப்பவும் தெனம் பயந்துதான் போறேன். அதுக்காக ஊசி போடாம வர முடியுமா?"

கடைசியில் வாங்கியது குதாயிசியில் ஒரு டாக்ஸிக்காரரிடம். ஜெர்மனியிலிருந்து அவரே ஓட்டிவந்த சாம்பல் நிற வண்டி, பார்க்க லட்சணம் இல்லை. அண்ணி வாயைத் திறப்பதற்குள், "எடது கதவு அடிபட்டு மாத்தினது. மாத்தறதுக்கு முன்னாடி எடுத்த படம் இந்தாங்க. எந்த மெக்கானிக்கிட்ட வேணாலும் காட்டிட்டு வாங்க" என்றார் அவர். எண்ணைத் தட்டிப் பார்த்ததில் அவர் சொன்னதுதான் இருந்தது.

ஆகஸ்டில் கோயில் திருநாள் விருந்து. ஊரே உட்கார்ந்திருந்தது. மல்காஸின் அண்ணன் கோச்சா மது கொஞ்சம் ஏறியதும், மேசையின் அந்தக் கோடியிலிருந்து கேட்டான். "அன்ஸோர், உங்க வீட்டுல மீசை யாருக்கு இருக்கு?"

சிலர் சிரித்தார்கள். அண்ணி ரொட்டியைப் பிய்த்துக்கொண்டிருந்தார், நிமிரவில்லை. அண்ணன் கோப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தான். அவன் வாழ்நாளில் அத்தனை பேர் முன்னால் எழுந்து பேசியதே இல்லை.

"மீசை எனக்குத்தான் இருக்கு கோச்சா. அது தெரியும்படியா மூஞ்சியிலயே இருக்கு. கண்ணு அவளுக்கு இருக்கு. உன் தம்பி கொண்டாந்த கார்ல இந்நேரம் நாங்க ரெண்டு பேரும் ஆத்துக்குள்ள கெடந்திருப்போம், மீசையோட. நாய்ராவுக்காகக் குடிக்கறேன். கூட குடிக்கறவங்க எழுந்திருங்க. மத்தவங்க உக்காந்தே இருங்க."

நான் எழுந்தேன். மாடு வைத்திருக்கும் வீட்டு ஆட்கள் முக்கால்வாசி எழுந்தார்கள். கோச்சா உட்கார்ந்தே இருந்தான். அண்ணி அப்போதுதான் நிமிர்ந்து அண்ணனைப் பார்த்தார். கல்யாணத்தன்றுகூட அப்படிப் பார்த்து நான் கண்டதில்லை.

அக்டோபரில் பேகாவுக்குக் கல்யாணம். மல்காஸைக் கூப்பிட வேண்டாம் என்றார்கள் சிலர். அண்ணி அண்ணனைக் கூட்டிக்கொண்டு அவன் வீட்டுக்கே போனார். மல்காஸின் மனைவி சிசினோ பதறிப்போய்க் காபி வைத்தாள்.

"நான் மன்னிப்புக் கேக்க வரல. சொன்னதுல ஒரு எழுத்தையும் திருப்பி எடுத்துக்க மாட்டேன்" என்றார் அண்ணி. "ஆனா பேகாவுக்கு ஞானத்தகப்பன் நீதான். அத நீயும் மாத்த முடியாது, நானும் மாத்த முடியாது. வந்து அவன் பக்கத்துல நில்லு."

மல்காஸ் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். சிசினோதான் வாசல்வரை வந்து வழியனுப்பினாள்.

கல்யாணத்தன்று கோயில் வாசலில் வந்து நின்றான். பேகா ஓடிப்போய் அவனைக் கட்டிக்கொண்டான். விருந்தில் மணமக்களுக்காகப் பேசினான், அன்றும் அழகாகத்தான் பேசினான். அண்ணியின் பெயரை எடுக்கவில்லை. இப்போதும் வழியில் பார்த்தால் அண்ணனிடம் நின்று பேசுவான், அண்ணிக்குத் தலையை மட்டும் அசைப்பான். அண்ணியும் பதிலுக்குத் தலையசைப்பார், அதற்கு மேல் இல்லை.

ஊரில் அவருக்கு வாய்க்காரி என்ற பேர் நிலைத்துவிட்டது. வண்டி வாங்கப் போகிறவர்கள் மட்டும் முதலில் அவர் வீட்டுக் கதவைத் தட்டுகிறார்கள். அன்றைக்கு ஒருநாள் நானே, "ஊர்ல உங்கள வாய்க்காரின்னு சொல்றாங்க அண்ணி" என்றேன்.

"ஆமா" என்றார். மேல் தெருவில் ஒரு பசுவுக்கு வயிறு உப்பியிருப்பதாக ஆள் வந்திருந்தது. பூட்ஸை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்.