கர்ணன் போட்ட ரிட் மனு

உத்தமபாளையம் கோர்ட்டில் வரப்புத் தகராறும் பாகப்பிரிவினையும் பார்த்தே தலை நரைத்தவர் வக்கீல் கர்ணன். மதுரை ஹைகோர்ட் கிளையில் ஒரு வழக்காவது நடத்திவிட வேண்டும் என்று அவருக்கு நெடுநாள் ஆசை. அந்த நேரத்தில்தான் அனுமந்தன்பட்டி கோட்டைச்சாமி வந்தார்.

கோட்டைச்சாமி தனியார் பள்ளியொன்றில் பஸ் டிரைவர். பிரேக் பிடிக்காத வண்டியில் பிள்ளைகளை ஏற்ற மாட்டேன் என்று சாவியைத் திருப்பிக் கொடுத்திருந்தார். மறுநாளே, விசாரணை எதுவுமில்லாமல் அவரை வேலையை விட்டு நீக்கிவிட்டார்கள்.

"லேபர் கோர்ட்டுக்குப் போகச் சொல்றாக. நீங்க என்ன சார் சொல்றீக?"

அதுதான் சரியான வழி என்று கர்ணனுக்குத் தெரியும். அது அரசு உதவி வாங்காத பள்ளி, அதன்மேல் ஹைகோர்ட்டில் ரிட் மனு நிற்பது சந்தேகம் என்பதும் தெரியும். ஆனாலும் சொன்னார்: "ரிட் போட்டா சட்டுன்னு முடிஞ்சிரும்ணே. பள்ளிக்கூடம் நடத்துறது பொதுக் காரியம். ஹைகோர்ட் கேக்காம விடாது."

மனு மூன்றரை வருஷம் கிடந்தது. விசாரணைப் பட்டியலில் தன் பெயர் வந்த அன்று, கர்ணன் அதைப் படம் பிடித்து மனைவிக்கு அனுப்பினார். விசாரணை பத்து நிமிஷம்கூட நடக்கவில்லை. பாடம் சொல்லிக் கொடுப்பது பொதுக் கடமைதான். ஆனால் டிரைவரை வைப்பதும் நீக்குவதும் பள்ளிக்கும் அவருக்குமான தனி ஒப்பந்தம், அதில் ரிட் அதிகாரம் நுழையாது, உரிய மன்றத்தை நாடலாம் என்று நீதிபதி தள்ளுபடி செய்தார். லேபர் கோர்ட்டுக்கான மூன்று வருஷக் கெடு அதற்குள் தாண்டிப்போயிருந்தது.

கோட்டைச்சாமி இப்போது கம்பத்தில் ஏலக்காய்த் தோட்டத்துக்கு ஆள் ஏற்றும் ஜீப் ஓட்டுகிறார். கர்ணன் அங்கேயே போய், ஜீப்புக்கு அருகில் நின்று எல்லாவற்றையும் சொன்னார். தெரிந்தேதான் ரிட் போட்டேன் என்பதையும் சேர்த்து.

கோட்டைச்சாமி முன்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். பிறகு சொன்னார்: "மதுரைக்கு எதுக்கு அலையுறீகன்னு எம் பொண்டாட்டி அப்பவே கேட்டா சார். வக்கீலுக்குத் தெரியாதான்னு நான்தேன் அவ வாயை அடைச்சேன்."

திட்டியிருந்தால்கூடக் கர்ணன் தாங்கியிருப்பார்.

அந்த வாரமே லேபர் கோர்ட்டில் மனுப் போட்டார். தாமதத்துக்குக் காரணம் தன்னுடைய தவறான ஆலோசனை என்று தன் பெயரிலேயே பிரமாணப் பத்திரம் எழுதினார். "இதை எழுதினா உன்கிட்ட எவன்யா கேஸ் கொண்டு வருவான்?" என்று கூட இருந்த வக்கீல்கள் தடுத்தார்கள். அவர் ஒரு வரியையும் அடிக்கவில்லை.

தாமதத்தை மன்னித்து மனுவைக் கோப்பில் எடுத்துக்கொண்டார்கள். வழக்கு இன்னும் நடக்கிறது. வாய்தா நாளில் கோட்டைச்சாமி ஜீப்பை நிறுத்திவிட்டு வருகிறார். கர்ணன் நீட்டும் எந்தக் காகிதத்தையும் இப்போது உடனே வாங்கிக் கையெழுத்துப் போடுவதில்லை. எழுத்துக்கூட்டி முழுக்கப் படிக்கிறார். அவர் படித்து முடிக்கும்வரை கர்ணன் தலை குனிந்து நிற்கிறார்.